ளகரத்துக்குப் பக்கத்து வீடு

மௌனப்படங்களில் பெண்கள் பேசுவதில்லை. அந்தப் படங்கள்மேல் கோவை மௌனப்பட ஒழுக்க மன்றத்துக்கு மரியாதை ஏற்பட்டது முதலில் இதனால்தான். ஆண்களும்தான் பேசுவதில்லை. ஆனால் அதை மன்றம் ஒரு குறையாகக் கருதியது. தன் கூட்டங்களில் அந்தக் குறையைத் தீர்த்தும் வைத்தது.

அவிநாசி சாலையில், மூடப்பட்ட நூற்பாலை ஒன்றின் சாப்பாட்டுக்கூடம்தான் மன்றத்தின் அரங்கம். ஆலைக் குடும்பத்து வாரிசான சென்னகிருஷ்ணன் தலைவர். ஒவ்வொரு கூட்டமும் மௌனப்படங்களுக்கு மௌன அஞ்சலி செலுத்தித் தொடங்கும். பெண்கள் உறுப்பினராகலாம். அவர்கள் பேசலாமா என்பது பரிசீலனையில் இருந்தது. 'மௌனம் காப்பதில் மகளிருக்கு இயல்பாக உள்ள தேர்ச்சியை வீணாக்க மன்றம் விரும்பவில்லை' என்று ஆண்டறிக்கை சொன்னது.

செயலாளர் குமாரசாமி. ஒழுக்கத்தைப் பற்றி அவரளவுக்குப் பேசக்கூடியவர் மாவட்டத்தில் வேறு யாரும் இல்லை. விழா அழைப்பிதழ் அவருக்கு இரண்டு போகும். ஒன்று, சாய்பாபா காலனியில் அவர் மனைவி நஞ்சம்மாள் இருக்கும் வீட்டுக்கு. மற்றொன்று, மதுக்கரையில் ராமாமணி என்பவர் இருக்கும் வீட்டுக்கு. மன்றத்தின் முகவரிப் பதிவில் முதலாவது 'செயலாளர் இல்லம்', இரண்டாவது 'செயலாளர் இல்லம் (கிளை)'. அரங்கில் இருவருக்கும் முன்வரிசையில் இடம் உண்டு. நடுவில் ஒரு தூண். கூரையைத் தாங்கக் கட்டிய தூண்தான். ஆனால் அது தாங்கிக்கொண்டிருப்பது கூரையை மட்டும் அல்ல என்று எல்லோருக்கும் தெரியும். யாரும் சொன்னதில்லை. மன்றத்தின் பெயரிலேயே மௌனம் இருந்தது.

இந்த மன்றத்தில் தட்டச்சு வேலை பார்த்தவள் பழனியாத்தாள். சொந்த ஊர் அன்னூர். அவள் கணவன் அவிநாசியில் வேறொரு பெண்ணுக்கு வீடு பார்த்துக் கொடுத்து, வாரத்தில் பாதியை அங்கே கழித்தான். அவள் மகள் ரித்திகாவைக் கூட்டிக்கொண்டு கோவைக்கு வந்துவிட்டாள். அன்னூரில் இந்தச் செய்தி ஒரே வாக்கியமாகப் பரவியது: "அவன் ஒருத்திய வெச்சுப்போட்டான், இவ உட்டுப்போட்டுப் போயிட்டா." நாளடைவில் வாக்கியத்தின் முன்பாதி தேய்ந்துவிட்டது. 'போயிட்டா' மட்டும் மிஞ்சியது.

கோவையில் வீடு தேடிய இடத்திலெல்லாம், "ஊட்டுக்காரரு எங்கீங்க?" என்றுதான் முதலில் கேட்டார்கள். சிங்காநல்லூரில் ஒரு அம்மாள் கதவை முழுக்கத் திறக்காமலேயே சொன்னார்: "தப்பா நெனச்சுக்காதீங்க அம்மணி. எங்கூட்டுலயும் ஆம்பளைக இருக்கறாங்க." ஆண்கள் இருக்கும் வீட்டில் யாரை வெளியே நிறுத்த வேண்டும் என்பதில் அந்த அம்மாளுக்குச் சந்தேகமே இல்லை.

கடைசியில் அவளுக்கு வீடு கொடுத்தது மன்றம்தான். அரங்கத்துக்குப் பின்னால், முன்பு ஆலைத் தொழிலாளர் குடியிருந்த லைன் வீடுகளில் ஒன்று. வேலை இருக்கும்வரை வீடு. வேலை போனால் வீடும் போகும். ரித்திகா பிளஸ் ஒன் படித்துக்கொண்டிருந்தாள். நடந்துபோகும் தூரத்தில் பள்ளிக்கூடம். இதற்குமேல் பழனியாத்தாள் எதற்கும் ஆசைப்படவில்லை.

அந்த வருடம் ஆலையின் பழைய பஞ்சுக் கிடங்கைச் சுத்தம் செய்தபோது, ஒரு தகரப்பெட்டியில் மௌனப்படம் ஒன்று கிடைத்தது. காட்சிகள் ஓரளவு பிழைத்திருந்தன. காட்சிகளுக்கு நடுவே கதையைச் சொல்லும் எழுத்து அட்டைகள் பிழைக்கவில்லை. படத்தின் பெயர்கூட அழிந்துபோயிருந்தது. மன்றம் அதற்கு 'மன்னித்த மனைவி' என்று பெயர் வைத்தது.

கதை யாரும் பார்த்துப் புரிந்துகொள்ளக்கூடியது. ஒரு பண்ணையாரின் மகன். மனைவி பிறந்தவீடு போயிருக்கிறாள். மழை. பக்கத்து வீட்டுப் பெண். கட்டுத்தரையில் மாடுகள் முகத்தைத் திருப்பிக்கொள்கின்றன. பிறகு அந்தப் பெண்ணின் வயிறு தெரிகிறது. ஊர் அவளைத் துரத்துகிறது. அவள் கிணற்றை நோக்கி நடக்கிறாள். அவன் ஒரு மரத்தில் சாய்ந்து அழுகிறான். மனைவி திரும்பி வந்து அவன் காலைக் கழுவுகிறாள். வானத்திலிருந்து பூ விழுகிறது.

அட்டைகளுக்குத் தமிழில் வாசகம் எழுதக் குழு கூடியது. குறிப்பெடுக்கப் பழனியாத்தாள் உட்கார்ந்தாள்.

"பொண்ணுக்கு வாசகம் கஷ்டமில்லீங்க. 'அன்றோடு கெட்டுப் போனாள்.' முடிஞ்சுது" என்றார் குமாரசாமி. "அவனுக்குத்தான் யோசிக்கோணும்."

தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். அப்படிக் கழற்றினால் சொற்பொழிவு என்று அர்த்தம்.

"ஆம்பளை தப்புப் பண்றதுக்கு ஆயிரம் காரணம் இருக்குதுங்க. பக்கத்து ஊடு. மழை. சம்சாரம் ஊர்ல இல்லை. பக்கத்துலயே இருந்தா மனுசன் என்னதான் பண்ணுவான்? கை போயிருது. அதை நாம அனுதாபத்தோட பாக்கோணும். பொம்பளைக்கு அப்படி என்ன காரணமுங்க இருக்குது?"

"அவளுக்கும் அதே மழைதானுங்களே" என்றாள் பழனியாத்தாள். சந்தேகம் கேட்பதாக நினைத்துத்தான் கேட்டாள்.

மௌன அஞ்சலி மறுபடி தொடங்கிவிட்டதோ என்று ஓர் உறுப்பினர் எழுந்து நின்றார்.

"அம்மணி, குறிப்பு மட்டும் எடுங்க கண்ணு" என்றார் குமாரசாமி. பிறகு அவரே வழி கண்டார். "'விதி விளையாடியது'ன்னு போட்டறலாங்க."

"யாரு வெளையாண்டது?" என்றார் தலைவர்.

"விதிங்க."

"அது ஆம்பளைங்களா, பொம்பளைங்களா?"

"அஃறிணைங்க."

"அப்பச் சரி. யாரும் நம்மளக் குத்தம் சொல்ல முடியாது."

பழனியாத்தாள் எழுதிக்கொண்டாள். அவளுக்கு இன்னொரு சந்தேகமும் இருந்தது. மனதிலேயே வைத்திருந்தால் இந்தக் கதை இங்கேயே முடிந்திருக்கும்.

"ஏனுங்க, ரெண்டு பேருந்தானுங்களே அங்க இருந்தாங்க? 'கெட்டுப் போனார்கள்'னு போட்டா ஒரே அட்டைல முடிஞ்சுருமுங்க."

குமாரசாமியின் முகம் சிவந்தது. "'ஆர்கள்'ங்கறது மரியாதை அம்மணி. கெட்டவளுக்கு மரியாதை குடுக்கச் சொல்றீங்களா? நாளைக்கு அவளையும் வாங்க போங்கன்னு கூப்பிடோணும்."

மரியாதைக்குப் பேர்போன ஊர். நாயைக்கூட 'அக்கட்ட போங்க' என்று விரட்டுபவர்கள் இருக்கிறார்கள். இருந்தாலும் ஓர் எல்லை உண்டு என்று குழு ஒருமனதாக முடிவு செய்தது.

அட்டைகளைப் பழனியாத்தாள் தட்டச்சு செய்தாள். அலுவலகத்தில் இருந்தது கணினிதான். ஆனால் அவள் அன்னூர் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டில் பழகிய அதே விசை வரிசையை அதில் வைத்திருந்தாள். அந்த வரிசையில் இடது கைப்பக்கம் ளகரம் இருக்கிறது. அதை ஒட்டிய அடுத்த விசை னகரம். ஒரே சுவர் வைத்த இரண்டு வீடுகள் மாதிரி. தட்டச்சு பழகியவர்களுக்கு இது தெரியும். வேகமாக அடித்தால் ஒன்றுக்குப் போகிற விரல் இன்னொன்றுக்குப் போய்விடும்.

அவள் அடித்ததைப் படம் ஓட்டுகிற ரூபன் படித்துப் பார்த்து, சரி என்று கையெழுத்துப் போட்டு, காட்சிகளுக்கு நடுவே சேர்த்தார்.

உறுப்பினர் குடும்பங்களுக்கு மட்டும் ஒரு முன்னோட்டக் காட்சி நடந்தது. திரையில் மழை நின்றது. பண்ணையார் மகன் கட்டுத்தரையிலிருந்து வெளியே வந்தான். தோள்துண்டில் ஒட்டியிருந்த வைக்கோலைத் தட்டினான். மீசையை நீவினான். இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு நடையைக் கட்டினான். அட்டை வந்தது.

'அன்றோடு கெட்டுப் போனான்.'

அந்தப் படத்தில் அதுவரை வந்த வாசகங்களிலேயே காட்சிக்குப் பொருத்தமாக இருந்தது அது ஒன்றுதான். சில விநாடிகள் யாருக்கும் தப்பு தெரியவில்லை. பிறகு பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு சிரிப்பு வந்தது. தூணுக்கு இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்று சொல்ல முடியவில்லை. அதைத் தொடர்ந்து இன்னொன்று. அப்புறம் வரிசை வரிசையாக. குமாரசாமி எழுந்து விளக்கைப் போடச் சொன்னார்.

விசாரணைக் குழு அமைக்கப்பட்டது. முதலில் சிரித்தது யார் என்று விசாரித்தார்கள். நஞ்சம்மாள், "இருமலுங்க" என்றார். ராமாமணியும், "இருமலுங்க" என்றார். அன்று வந்திருந்த பெண்கள் எல்லோருக்கும் இருமல் இருந்தது தெரியவந்தது. அடுத்த காட்சியில் பெண்கள் பகுதியில் மிளகு மிட்டாய் வைப்பது என்று தீர்மானம் நிறைவேறியது.

அடுத்து, எழுத்து. ரூபனைக் கூப்பிட்டார்கள்.

"நீங்க பார்த்துக் கையெழுத்துப் போட்டிருக்கறீங்களே?"

"பார்த்தனுங்க. சரியாத்தான் இருந்தாப்பல தெரிஞ்சுதுங்க."

"சின்னப் பையன். தெரியாமப் பண்ணிப்போட்டான்" என்றார் தலைவர். நாற்பதைத் தாண்டிய ரூபன் தன் மூத்த மகளுக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார். சின்னப் பையன் என்ற முறையில் வணக்கம் சொல்லிவிட்டு வெளியேறினார்.

பழனியாத்தாள் உள்ளே வந்தாள். நாற்காலி காலியாக இருந்தது. உட்காரச் சொல்லவில்லை.

"வேணும்னு பண்ணலீங்க. ளவும் னவும் பக்கத்துப் பக்கத்து விசைங்க. வெரல் தவறிப்போச்சுங்க."

"பக்கத்துல இருந்தா கை போயிருமாங்க?" என்றார் தலைவர். "அடக்கம் வேணும் அம்மணி. வயசு வந்த பொம்பளை."

"நீங்கதானுங்க அன்னிக்கு, பக்கத்துல இருந்தா கை..."

"அது கதை" என்றார் குமாரசாமி. "இது எழுத்து. ஊர்ல ஒரு குடும்பத்து ஆம்பளையப் பாத்து, கெட்டுப் போனான்னு திரையில போட்டிருக்கறீங்க. சின்னக் கொழந்தைக பாத்தா என்ன நெனைக்கும்? ஆம்பளையும் கெட்டுப்போகலாமாட்ட இருக்குதுன்னு நெனைக்காதா?"

இப்படி ஓர் ஆபத்து இருப்பதைத் தலைவரே அப்போதுதான் உணர்ந்தார். தண்ணீர் வாங்கிக் குடித்தார்.

தீர்ப்பு இது. பழனியாத்தாள் விழா மேடையில் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்க வேண்டும். சபை மன்னித்தால் வேலையும் வீடும் இருக்கும். மன்னிக்காவிட்டால் மறுநாளே லைன் வீட்டைக் காலி செய்ய வேண்டும்.

அன்று சாயங்காலம் அவள் ரித்திகாவிடம் சொன்னாள். ரித்திகா புத்தகத்தை மூடவில்லை. "ஒரு எழுத்துக்கா?" என்றாள்.

"ஒரு எழுத்துக்குத்தான் கண்ணு."

"ரூபன் மாமாவுக்கு?"

"அவரு சின்னப் பையனாமா."

மறுநாள் அவள் எழுதிக்கொண்டுபோன மன்னிப்பு, 'ள் என்பதற்குப் பதிலாக ன் அடித்துவிட்டேன், வருந்துகிறேன்' என்று இருந்தது. குழு அதை ஏற்கவில்லை. விசையைப் பற்றியெல்லாம் சபையில் பேசினால் இயந்திரத்தைக் குறை சொல்வதுபோல் இருக்கும். குற்றத்தின் கனம் தெரிய வேண்டும். எனவே குமாரசாமியே நடந்துகொண்டு சொல்ல, அவள் தட்டச்சு செய்தாள். ஒவ்வொரு எழுத்தையும் அவர் குனிந்து பார்த்தார்.

அவள் மேடை ஏறுவதிலும் சிக்கல் எழுந்தது. "புருசனை உட்டுப்போட்டு வந்த பொம்பளை குத்துவெளக்குப் பக்கத்துல நிக்கறது நல்லாருக்குமாங்க?" என்றார் தலைவர். நல்லா இருக்காது என்று எல்லோருக்கும் பட்டது. எனவே அவள் சார்பில் செயலாளரே வாசிப்பது என்று முடிவாயிற்று. அவள் ஓரத்தில் திரைக்குப் பின்னால் நின்று, மனதுக்குள் கேட்டுக்கொள்ள வேண்டும்.

"ஏனுங்க, நீங்க படிச்சா உங்களுதுன்னு நெனச்சுக்க மாட்டாங்களா?" என்று கேட்டாள் பழனியாத்தாள். "'பழனியாத்தாளாகிய அவள்'னு வேணா மாத்தி அடிச்சுத் தரட்டுங்களா?"

"ஓரெழுத்து மாறக்கூடாது. எழுத்து மாறித்தான் இத்தனை வம்பு" என்றார் குமாரசாமி. "என்னையப் பத்தி ஊருக்கே தெரியும். என்னையப் போயி யாரு அப்படி நெனைப்பாங்க?"

விழா நாளன்று அரங்கம் நிறைந்திருந்தது. விளக்கேற்றினார்கள். மௌன அஞ்சலி நடந்தது. யாரோ ஒருவரின் கைபேசி முருகனைப் பாடியது. குமாரசாமி தாளை விரித்தார். 'மன்றத் தட்டச்சர் பழனியாத்தாள் எழுதிக்கொண்ட மன்னிப்பு விண்ணப்பம்' என்று அவர் வாசித்தபோது ஒலிபெருக்கி வேலை செய்யவில்லை. வாய் மட்டும் அசைந்தது. மௌனப்பட விழா என்பதால் கூட்டம் அதை நிகழ்ச்சியின் ஒரு பகுதி என்று எடுத்துக்கொண்டது. ரூபன் ஓடிவந்து ஒரு கம்பியைத் திருகினார். அரங்கம் முழுக்கக் குரல் கேட்டது.

"நான் ஒழுக்கம் தவறினேன். கை வைக்க வேண்டிய இடம் ஒன்று இருக்க, அதை விட்டுப் பக்கத்தில் கை வைத்தேன்."

மிளகு மிட்டாய்க் காகிதங்களின் சத்தம் நின்றது.

தமிழில் 'நான்' என்று சொல்பவர் ஆணா பெண்ணா என்று வினைமுற்று காட்டாது. தவறினான், தவறினாள் என்று பிறரைச் சொல்லும்போதுதான் ஊருக்கு அந்த எழுத்து வேண்டும். 'தவறினேன்' யாருக்கும் பொருந்தும். அந்தச் சமயத்தில் அது குமாரசாமிக்குப் பொருந்தியது.

"என் செயலால் ஒரு நல்ல குடும்பத்தின் பெயருக்குக் களங்கம் வந்தது. என்னை நம்பி இடம் கொடுத்தவர்களின் கண்ணில் நீர் வரக் காரணமானேன்."

தூணுக்கு வலப்புறம் நஞ்சம்மாள் நிமிர்ந்து உட்கார்ந்தார். தூணுக்கு இடப்புறம் ராமாமணி முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டார். குமாரசாமிக்கும் ஏதோ உறைத்திருக்க வேண்டும். தாளிலிருந்து தலையைத் தூக்கினார். எல்லோருடைய கண்ணும் தன்மேல் இருப்பதைப் பார்த்தார். ஓரெழுத்து மாறக்கூடாது என்று சொன்னவரும் அவர்தான். மிச்சத்தையும் வாசித்தார்.

"இது தெரியாமல் நடந்ததல்ல, அடக்கமின்மையால் நடந்தது. சபை பெரிய மனது பண்ணி என்னை மன்னிக்க வேண்டும்."

முதலில் பின்வரிசையில் ஒருவர் எழுந்தார். பிறகு அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. "இந்தக் காலத்துல யாருங்க இப்படி மேடையேறி ஒத்துக்குவாங்க?" என்று ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ஆம்பளைன்னா இவரு" என்றார் இன்னொருவர்.

தலைவருக்கு உண்மை தெரியும். ஆனால் சபை எழுந்து நின்ற பிறகு இல்லை என்று சொன்னால் சபைக்கு மரியாதைக் குறைச்சல். அவர் பொன்னாடையை எடுத்துக் குமாரசாமிக்குப் போர்த்தினார். "ஒரு ஆம்பளை தப்புப் பண்றது பெருசில்லீங்க. அதைச் சொல்றதுக்கு ஒரு மனசு வேணும். சபை சார்பா மன்னிச்சாச்சு" என்றார்.

நஞ்சம்மாளை மேடைக்கு அழைத்தார்கள். படத்தில் வருவதுபோல் காலைக் கழுவ வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. ஆனாலும் ஒருவர் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து வைத்தார். நஞ்சம்மாள் அதை எடுத்து ஒரு மடக்குக் குடித்தார். ஒலிபெருக்கியில், "அவிய சொல்லிப்போட்டாங்க. நான் கேட்டுப்போட்டனுங்க" என்றார். இறங்கிப் போய் உட்கார்ந்துகொண்டார். அதற்கும் கைதட்டினார்கள்.

இதே நேரத்தில் தூணின் இடப்பக்கம் வேறொன்று நடந்தது. ராமாமணிக்கு வலப்புறம் இருந்த அம்மாள் தன் பையை எடுத்துக்கொண்டு நகர்ந்தார். இடப்புறம் இருந்தவரும் நகர்ந்தார். பின்னால் இருந்தவர்கள் குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு வேறு வரிசைக்குப் போனார்கள். சில வருடங்களாக அந்த இருக்கையில் அவர் உட்கார்ந்துதான் வந்தார். அப்போதெல்லாம் யாரும் நகர்ந்ததில்லை. இப்போது மன்னிப்பு வழங்கியாயிற்று. மன்னிக்கப்பட்டவர் மேடையில் இருந்தார். குற்றம் எங்காவது இருக்க வேண்டும் அல்லவா.

திரைக்குப் பின்னால் நின்ற பழனியாத்தாளுக்குக் கால் வலித்தது. காலி நாற்காலிகள் அங்கே மட்டும்தான் இருந்தன. போய் ராமாமணிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். படம் ஓடியது. 'அன்றோடு கெட்டுப் போனாள்' என்று திருத்திய அட்டை வந்தது. யாரும் இருமவில்லை.

மறுநாள் காலை அவள் தலைவர் அறைக்குப் போனாள். "எனக்கு மன்னிப்பு என்னாச்சுங்க?"

"அதுதான் குடுத்தாச்சே கண்ணு."

"செயலாளருக்குத்தானுங்களே குடுத்தீங்க."

தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். பிறகு மாட்டிக்கொண்டார். சொற்பொழிவு வரவில்லை. "சபை ஒரு மன்னிப்புத்தான் குடுத்துது. அவரு வாங்கிப்போட்டாரு. திரும்பக் கேக்கறது நல்லாருக்காது. உங்களுக்குன்னு சபை ஒண்ணும் சொல்லலை. சொல்லாட்டி என்னன்னு தீர்ப்புலயே இருக்குது." சிறிது யோசித்து, "போறதுக்கு முன்னால அந்த முகவரிப் பதிவுல 'கிளை'ய மட்டும் அடிச்சு உட்ருங்க அம்மணி. குமாரசாமி திருந்திட்டாரு" என்றார்.

அவள் அடித்து விட்டாள். லைன் வீட்டுச் சாமான்கள் ஒரு சின்ன வேனில் பாதிக்குக்கூட வரவில்லை. எங்கே போவது என்று வேன்காரர் இரண்டு முறை கேட்டுவிட்டார். ரித்திகா வாசல்படியில் பள்ளிச் சீருடையோடு நின்றிருந்தாள்.

அங்கே ராமாமணி வந்து ஆட்டோவிலிருந்து இறங்கினார். அழைப்பிதழ் முகவரியில் இல்லாத விவரம் ஒன்று இருந்தது. மதுக்கரை வீடு அவர் மாவரைத்து விற்றுக் கட்டிய அவருடைய சொந்த வீடு.

"அது என்ற ஊடுங்க. அவரு வந்து போனவரு, அவ்வளவுதான்" என்றார். "பின்னால ரெண்டு ரூமு சும்மா கெடக்குது. வாரீங்களா? யோசிச்சுச் சொல்லுங்க. அங்க வந்தா உங்க பேரு கெட்டுப்போயிரும்."

பழனியாத்தாள் யோசித்தாள். சிங்காநல்லூர்க் கதவை நினைத்துக்கொண்டாள். "மதுக்கரைல இருந்து பள்ளிக்கூடத்துக்கு பஸ் இருக்குதுங்களா?" என்றாள்.

இருந்தது. இரண்டு பஸ் மாற வேண்டும். ரித்திகா விடியும்போதே கிளம்பினாள். பழனியாத்தாள் மாவரைக்கப் பழகினாள். வேலை கேட்டுப் போன அச்சகங்களில், மதுக்கரையில் எந்த வீடு என்று கேட்டுவிட்டு, சொல்லி அனுப்புகிறோம் என்றார்கள்.

ஒரு நாள் ரித்திகா பள்ளியிலிருந்து வந்து பையை இறக்கினாள். பஸ் ஸ்டாப்பில் மன்றத்து உறுப்பினர் வீட்டுப் பெண்கள் இரண்டு பேர் நின்றிருந்தார்களாம். அவள் நிற்பது தெரிந்தே பேசினார்களாம்.

"என்ன சொன்னாங்க?" என்றாள் பழனியாத்தாள். கை ஈர மாவில் இருந்தது.

"உன்னையும் ராமாமணி பெரியம்மாவையும்தான். 'ரெண்டு பேரும் கெட்டுப்போயிட்டாங்க'ன்னு சொன்னாங்க."

ராமாமணி கிரைண்டரை நிறுத்தினார்.

"போயிட்டாங்கன்னா சொன்னாங்க?" என்றாள் பழனியாத்தாள்.

"ஆமா." ரித்திகா செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தாள். "மரியாதையாத்தாம்மா சொன்னாங்க."